கார்லைல் பள்ளியின் 1912 கால்பந்துப் பருவம்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

அமெரிக்க விளையாட்டு வீரர் ஜிம் தோர்ப்பைப் பற்றிப் பேச்செடுக்கும் போதெல்லாம் அவருடைய 1912 ஒலிம்பிக் பதக்கங்களைப் பலரும் அறிந்திருக்கிறார்கள். அதே ஆண்டின் இலையுதிர் காலத்தில் அவரும் அவருடைய தோழர்களும் ஆடிய 14 கால்பந்து ஆட்டங்களைப் பற்றிக் கேட்டால் அரைகுறையான கதைகளே வருகின்றன. நண்பர்களும் வாசகர்களும் திரும்பத் திரும்பக் கேட்ட ஐயங்களை, அவர்கள் கேட்ட விதத்திலேயே வைத்து, இங்கே விடைகளோடு தொகுத்திருக்கிறேன்.

கால்பந்து என்றால் நம்ம ஊரில் ஆடுகிற கால்பந்துதானே?

இல்லை. இது அமெரிக்கக் கால்பந்து. நீள்வட்ட வடிவப் பந்தைக் கையில் ஏந்தி ஓடியும், எறிந்தும், உதைத்தும் எதிரணியின் எல்லைக் கோட்டைத் தாண்ட வேண்டும். அப்படித் தாண்டினால் அது டச்டவுன். கம்பங்களுக்கு இடையே குறுக்குக் கம்பிக்கு மேலாகப் பந்தை உதைத்து அனுப்பினால் ஃபீல்ட் கோல். அதற்கு 3 புள்ளிகள். அணிக்கு 11 பேர். ரக்பியிலிருந்து பிரிந்து வளர்ந்த ஆட்டம் என்பதால், ரக்பி பார்த்தவர்களுக்கு இது எளிதில் புரியும்.

‘கார்லைல் இந்தியர்கள்’ என்று எழுதியிருக்கிறதே, அவர்கள் நம் நாட்டிலிருந்து போனவர்களா?

கொலம்பஸ் காலத்துத் தவறான பெயரீடு தொடர்ந்து வந்ததால் ஏற்படும் குழப்பம் இது. கார்லைல் அணியில் ஆடியவர்கள் அமெரிக்க மண்ணின் பூர்வகுடிகள். தமிழில் முன்பு ‘செவ்விந்தியர்’ என்று எழுதினார்கள். தோலின் நிறத்தை வைத்து ஒரு மக்களுக்குப் பெயர் சூட்டுவது சரியன்று என்பதால் நான் பூர்வகுடிகள் என்றே எழுதுகிறேன். பள்ளியின் பெயரில் மட்டும் ‘இந்திய’ என்ற சொல்லை அப்படியே விட்டிருக்கிறேன்.

அவர்களை ஒரே இனத்தவர் என்று எண்ணுவதும் தவறு. தோர்ப் ஓக்லஹோமாவைச் சேர்ந்த சாக் அண்ட் ஃபாக்ஸ் மக்களில் பிறந்தவர். களத்தில் ஆட்டத்தை வழிநடத்தும் குவார்ட்டர்பேக் இடத்தில் ஆடிய கஸ் வெல்ச், விஸ்கான்சினைச் சேர்ந்த ஓஜிப்வே. பீட் கலாக், கலிபோர்னியாவின் தெற்குப் பகுதியைச் சேர்ந்தவர். ஒருவர் தாய்மொழி மற்றவருக்குப் புரியாது. பள்ளி அவர்கள் மீது திணித்த ஆங்கிலமே அவர்களுக்குள் பொதுமொழியாகவும் ஆனது.

கார்லைல் ஒரு கல்லூரியா, பள்ளியா?

பள்ளிதான். பெயரே ‘கார்லைல் இந்தியத் தொழிற்பள்ளி’. பென்சில்வேனியா மாநிலத்தில் கார்லைல் என்னும் சிற்றூரில், பயன்படாமல் கிடந்த இராணுவக் குடியிருப்பு ஒன்றில், ரிச்சர்டு ஹென்றி பிராட் என்ற இராணுவ அதிகாரி 1879இல் இதைத் தொடங்கினார். காலையில் பாடம், மாலையில் தையல், தச்சு, கொல்லுவேலை, பண்ணைவேலை என்று நாள் இரண்டாகப் பிரிக்கப்பட்டிருந்தது. கற்பிக்கப்பட்ட பாடங்கள் கல்லூரித் தரத்தை எட்டவில்லை.

ஆனால் அணியில் ஆடிய பலர் இருபது வயதைக் கடந்தவர்கள். அக்காலத்தில் கல்லூரிகளுக்கிடையே ‘யார் ஆடத் தகுதியுடையவர்’ என்பதற்கு இன்றுள்ளது போன்ற கண்டிப்பான பொதுவிதி இல்லாததால், ஹார்வர்டு, பென்சில்வேனியா போன்ற பெரிய பல்கலைக்கழகங்கள் கார்லைலைத் தமக்கு நிகரான எதிரணியாகவே அழைத்தன. அதனால் கல்லூரிக் கால்பந்து வரலாற்றில் இந்தப் பள்ளிக்கு இடம் உண்டு.

அந்தப் பருவத்தில் மொத்தம் எத்தனை ஆட்டங்கள்? முடிவு என்ன?

14 ஆட்டங்கள்: 12 வெற்றி, 1 தோல்வி, 1 சமநிலை. செப்டம்பர் 21 அன்று ஆல்பிரைட் கல்லூரியை 50–7 என்று வென்று தொடங்கிய பருவம், நவம்பர் 28 அன்று பிரவுன் பல்கலைக்கழகத்தை 32–0 என்று வென்று முடிந்தது. கார்லைல் எடுத்த புள்ளிகள் 504. எதிரணிகள் அனைத்தும் சேர்ந்து எடுத்தவை 114.

முதல் நான்கு ஆட்டங்களை 12 நாள்களில் ஆடி முடித்துவிட்டார்கள். ஆல்பிரைட், லெபனான் வேலி, டிக்கின்சன், வில்லனோவா என்ற அந்த நான்கு அணிகளும் சிறியவை. உண்மையில் அவை உடம்பைத் தயார்ப்படுத்திக்கொள்ளும் ஆட்டங்கள். ஐந்தாவது ஆட்டத்தில் வாஷிங்டன் அண்ட் ஜெஃபர்சன் கல்லூரி 0–0 என்று தடுத்து நிறுத்தியது. அதன் பிறகு சிரக்கியூஸை 33–0, பிட்ஸ்பர்க்கை 45–8, ஜார்ஜ்டவுனை 34–20, லீஹையை 34–14 என்று வரிசையாக வென்றார்கள்.

ஏன் எல்லா ஆட்டங்களையும் வெளியூரிலேயே ஆடினார்கள்?

முதல் நான்கைத் தவிர, அக்டோபர் 5 முதல் ஆடிய பத்து ஆட்டங்களும் எதிரணியின் ஊரிலேயே நடந்தன. கார்லைல் சிற்றூர், பெரிய கூட்டம் திரண்டு வருவதற்கான ஆடுகளமோ ஊரின் மக்கள்தொகையோ அங்கே இல்லை. பெரிய நகரங்களில் ஆடினால்தான் நுழைவுக் கட்டணத்தில் நல்ல பங்கு கிடைக்கும். பூர்வகுடி இளைஞர்கள் ஆடுவதைப் பார்க்க மக்கள் திரண்டார்கள் என்பதால் அழைப்புகளுக்கும் பஞ்சமில்லை.

இதன் சுமையை ஆட்டக்காரர்களின் உடம்பு தாங்கியது. அக்டோபர் 26 சனிக்கிழமை தலைநகர் வாஷிங்டனில் ஜார்ஜ்டவுனோடு ஆடிவிட்டு, இரயிலேறி எல்லை தாண்டி, 28 திங்கட்கிழமை கனடாவின் டொரண்டோவில் ஆடினார்கள். அந்த வாரம் முடிவதற்குள், நவம்பர் 2 அன்று, மீண்டும் பென்சில்வேனியாவில் லீஹையோடு மோதினார்கள். எட்டு நாள்களில் மூன்று முழு ஆட்டங்கள். அதே 11 பேர் தாக்குதலிலும் தடுப்பிலும் நிற்க வேண்டிய காலம் அது. ஆட்ட நேரம் நான்கு பகுதிகளாகப் பிரிக்கப்பட்டிருந்தது; வெளியே போன ஆள் அந்தப் பகுதி முடியும்வரை திரும்பி வர முடியாது. தோல் தொப்பி அணிவதுகூட அவரவர் விருப்பம்.

1912இல் விதிகள் மாறியதாகச் சொல்கிறார்களே, என்ன மாறியது?

நிறைய மாறியது, இன்று நாம் பார்க்கும் அமெரிக்கக் கால்பந்தின் அடிப்படை அளவுகள் அந்த ஆண்டு அமைந்தவைதான். டச்டவுனுக்கு 5 புள்ளி என்றிருந்தது 6 ஆனது. பத்து யார்டு முன்னேற மூன்று முயற்சிகள் என்றிருந்தது நான்கானது. 110 யார்டு நீள ஆடுகளம் 100 யார்டாகக் குறைந்து, இரு முனைகளிலும் 10 யார்டு ஆழமுள்ள எல்லைப் பகுதி சேர்க்கப்பட்டது. பந்தை முன்னோக்கி எறிவது 1906 முதல் அனுமதிக்கப்பட்டிருந்தாலும் 20 யார்டுக்கு மேல் எறியக் கூடாது என்றிருந்த தடையும் 1912இல் நீக்கப்பட்டது.

இந்த மாற்றங்களின் வேர் 1905இல் இருக்கிறது. அந்த ஆண்டு ஆட்டக்களத்தில் பல இளைஞர்கள் உயிரிழந்ததால், ஆட்டத்தையே தடை செய்ய வேண்டும் என்ற குரல் எழுந்து, குடியரசுத் தலைவர் தியோடர் ரூஸ்வெல்ட் கல்லூரிகளின் பொறுப்பாளர்களை வெள்ளை மாளிகைக்கே அழைத்துப் பேச நேர்ந்தது. திரண்ட உடல்பலத்தால் முட்டி மோதும் ஆட்டத்தைத் தளர்த்தி, வேகத்துக்கும் திறமைக்கும் இடம் கொடுப்பதே அதன் பின் வந்த மாற்றங்களின் நோக்கம். எடை குறைந்தும் ஓட்டத்தில் விரைந்தும் இருந்த கார்லைல் அணிக்கு இது பெரிதும் பொருந்தியது.

டொரண்டோ ஆட்டத்தின் முடிவு 49–1 என்று படித்தேன். ஒரே ஒரு புள்ளி எப்படி வரும்? அச்சுப்பிழையா?

அச்சுப்பிழை இல்லை. அந்த ஆட்டத்தின் ஒரு பாதி அமெரிக்க விதிகளின்படியும் மறு பாதி கனடா விதிகளின்படியும் நடந்தது. அமெரிக்க விதிகளில் ஓர் அணிக்குத் தனியாக ஒரு புள்ளி கிடைக்க வழியில்லை. கனடா ஆட்டத்தில் எதிரணியின் எல்லைப் பகுதிக்குள் பந்தை உதைத்து, அவர்களால் அதை வெளியே கொண்டுவர முடியாமல் போனால், உதைத்த அணிக்கு ஒரு புள்ளி உண்டு. பாதி நேரம் பழக்கமில்லாத விதிகளில் ஆடியும் 49 புள்ளிகள் எடுத்தார்கள் என்பதை நான் அந்தப் பருவத்தின் பெரிய சாதனைகளில் ஒன்றாகவே கருதுகிறேன்.

தோர்ப் ஒருவரே எல்லா ஆட்டத்தையும் வென்று கொடுத்தார் என்கிறார்களே?

சில நாள்களில் ஏறக்குறைய அப்படித்தான் நடந்தது. நவம்பர் 23 அன்று ஸ்பிரிங்ஃபீல்டு கல்லூரியை 30–24 என்று வென்றபோது, அந்த 30 புள்ளிகளையும் எடுத்தவர் தோர்ப்: நான்கு டச்டவுன்களுக்கு 24, டச்டவுனுக்குப் பிந்தைய உதைகளில் 3, ஒரு ஃபீல்ட் கோலுக்கு 3. ஓட்டம், உதை, எறிதல், தடுப்பு என்று எல்லாவற்றிலும் சிறந்த ஒருவரை அக்காலம் அதற்கு முன் கண்டதில்லை. அந்த ஆண்டு ஜூலையில் ஸ்டாக்ஹோம் ஒலிம்பிக்கில் ஐந்துபோட்டி, பத்துபோட்டி இரண்டிலும் தங்கம் வென்று திரும்பியவர், செப்டம்பரில் அணித்தலைவராகக் களமிறங்கினார்.

ஆயினும் 504 புள்ளிகளை ஒரு மனிதர் எடுத்துவிட முடியாது. எந்த நேரத்தில் எந்த ஆட்டமுறை என்று களத்தில் முடிவெடுத்தவர் கஸ் வெல்ச். அலெக்ஸ் ஆர்க்காசா, ஸ்டான்சில் பவல் இருவரும் தோர்ப்புக்குப் பக்கத்தில் ஓடியவர்கள். முன்வரிசையில் எதிரிகளைத் தள்ளி வழி திறந்த ஜோ கையன், பின்னாளில் தொழில்முறைக் கால்பந்தின் புகழ்க்கூடத்தில் தோர்ப்பைப் போலவே இடம்பெற்றார். இவர்களுடைய பெயர்களை விட்டுவிட்டு அந்தப் பருவத்தைச் சொல்வது, முன்வரிசை திறந்துவிட்ட வழியை மறந்துவிட்டு ஓடியவரை மட்டும் பாராட்டுவதாகும்.

பயிற்சியாளர் வார்னர் புதிதாக என்ன செய்தார்?

‘பாப்’ என்று அழைக்கப்பட்ட கிளென் வார்னர், கார்லைலில் 1899 முதல் 1903 வரையிலும், பிறகு 1907 முதல் 1914 வரையிலும் பணியாற்றியவர். வழக்கமாகக் குவார்ட்டர்பேக்குக்குப் பின்னால் நெருக்கமாக நிற்கும் ஓட்டக்காரர்களில் இருவரை, அவர் முன்வரிசையின் இரு ஓரங்களுக்கும் நகர்த்தி நிறுத்தினார். இதனால் பந்து யாரிடம் போகிறது, ஓடப்போகிறார்களா எறியப்போகிறார்களா என்பதை எதிரணியால் ஊகிக்க முடியவில்லை. ‘இரட்டைச் சிறகு’ எனப்படும் இந்த அணிவகுப்பை 1912 நவம்பரில் இராணுவக் கல்லூரிக்கு எதிராக அவர் பயன்படுத்தினார்.

சூழ்ச்சிகளும் உண்டு. 1903இல் ஹார்வர்டுக்கு எதிராக ஓர் ஆட்டக்காரரின் சட்டைக்குள் முதுகுப்புறமாகப் பந்தை மறைத்து அனுப்பி டச்டவுன் எடுத்தது புகழ்பெற்ற நிகழ்ச்சி. அந்த ஆட்டத்தில் ஹார்வர்டு 12–11 என்று வென்றது. ஆனால் வரைபடத்தில் எத்தனை அணிவகுப்புகளை எழுதினாலும் அவற்றைக் களத்தில் நடத்திக் காட்ட ஆள் வேண்டும். வார்னரின் புகழில் கார்லைல் மாணவர்களுக்குரிய பங்கு பெரிது என்பது என் கருத்து.

இராணுவத்துக்கு எதிரான ஆட்டத்தை மட்டும் ஏன் இவ்வளவு பேசுகிறார்கள்?

1912 நவம்பர் 9 அன்று வெஸ்ட் பாயிண்ட் இராணுவக் கல்லூரியின் மைதானத்தில் நடந்த அந்த ஆட்டத்தில் கார்லைல் 27–6 என்று வென்றது. அமெரிக்க இராணுவம் லகோட்டா என்னும் பூர்வகுடி மக்களைக் கொன்று குவித்த ‘வூண்டட் நீ’ நிகழ்வு நடந்தது 1890 டிசம்பரில். அதற்கு 22 ஆண்டுகளுக்குள், இராணுவ அதிகாரிகளாகப் போகும் இளைஞர்களும் பூர்வகுடி இளைஞர்களும் சமமான விதிகளின் கீழ் ஒரே களத்தில் நின்றார்கள். அந்தப் பழைய போர்களை வார்னர் ஆட்டத்துக்கு முன் நினைவூட்டியதாக வெல்ச் பின்னாளில் சொல்லியிருக்கிறார். சொல்லாவிட்டாலும் அவர்களுக்கு நினைவிருந்திருக்கும்.

ஆட்டம் கடுமையாக இருந்தது. முதலில் டச்டவுன் எடுத்தது இராணுவ அணிதான். அதன் தலைவர் லீலண்ட் டெவோர், கையன் மீது முறைகேடாகப் பாய்ந்ததற்காக வெளியேற்றப்பட்டார். இராணுவ அணியில் ஆடியவர்களில் ஒருவர் டுவைட் ஐசனாவர். பின்னாளில் அமெரிக்கக் குடியரசுத் தலைவரான அவரேதான். தோர்ப்பைக் காயப்படுத்தி வெளியேற்ற அவரும் ஒரு தோழரும் சேர்ந்து முயன்று, தாங்களே அடிபட்டு வெளியேறியதாக அவருடைய வரலாற்றை எழுதியவர்கள் குறிப்பிடுகிறார்கள்.

ஐசனாவரின் முழங்காலை உடைத்தது தோர்ப் தானே?

இல்லை. ஐசனாவரின் முழங்கால் அடிபட்டது அடுத்த வாரம், டஃப்ட்ஸ் கல்லூரிக்கு எதிரான ஆட்டத்தில். அதன் பிறகு குதிரைப் பயிற்சியில் அது மேலும் மோசமடைந்து அவருடைய ஆட்ட வாழ்க்கை முடிந்தது.

இராணுவத்துக்கு எதிரான ஆட்டத்தில் தோர்ப் 92 யார்டு ஓடி, அது செல்லாது என்றதும் உடனே 97 யார்டு ஓடினார் என்பது உண்மையா?

தோர்ப்பின் நீண்ட ஓட்டம் ஒன்று, சக ஆட்டக்காரர் செய்த விதிமீறலால் செல்லாததானது. அதற்கு அடுத்த நொடியே இன்னும் நீளமாக ஓடி டச்டவுன் எடுத்தார் என்ற பகுதி, பிற்காலத்தில் சொல்லச் சொல்ல வளர்ந்தது. புள்ளிக் கணக்கைப் பார்த்தாலே விளங்கும்: 27 என்பது நான்கு டச்டவுன்களும் மூன்று உதைகளும். அந்த நான்கில் மூன்றை எடுத்தவர் ஆர்க்காசா. தோர்ப்பின் மீதே எதிரணியின் கண் முழுவதும் இருந்தது ஆர்க்காசாவுக்கு வழி திறந்தது என்று சொன்னால் அது நியாயம். ஆனால் அவர் எடுத்த டச்டவுன்களையும் தோர்ப்பின் கணக்கில் எழுதக் கூடாது.

இவ்வளவு வலிமையான அணி ஒரு ஆட்டத்தில் எப்படித் தோற்றது? அந்த ஆண்டு சாம்பியன் யார்?

இராணுவ ஆட்டத்துக்கு அடுத்த சனிக்கிழமை, நவம்பர் 16 அன்று, ஃபிலடெல்ஃபியாவில் பென்சில்வேனியா பல்கலைக்கழகம் கார்லைலை 34–26 என்று வென்றது. பென்சில்வேனியா அந்த ஆண்டு பல ஆட்டங்களில் தோற்றிருந்த அணி. கார்லைலின் தடுப்பு அன்று தளர்ந்திருந்தது. தன் பக்கம் வந்த எறிபந்து ஒன்றைப் பிடிக்க முடியாதது என்று எண்ணித் தோர்ப் விட்டுவிட, எதிரணி அதைப் பிடித்து டச்டவுன் எடுத்தது. வெஸ்ட் பாயிண்டில் எல்லாவற்றையும் கொடுத்துவிட்ட உடம்புகள் ஏழே நாளில் மீண்டும் நின்றதையும் மேலே சொன்ன பயண வரிசையையும் சேர்த்துப் பார்த்தால் இந்தத் தோல்வி எனக்கு வியப்பாக இல்லை.

அக்காலத்தில் தேசிய சாம்பியனைத் தீர்மானிக்கும் இறுதிப்போட்டி கிடையாது. பின்னாளில் கணக்கிட்டவர்கள், 9 ஆட்டங்களிலும் வென்ற ஹார்வர்டையும், 8 ஆட்டங்களிலும் வென்ற வேறொரு கல்லூரியான பென் ஸ்டேட்டையும் அந்த ஆண்டின் முதன்மை அணிகளாகக் குறிப்பிடுகிறார்கள்.

நுழைவுக் கட்டணப் பணம் ஆட்டக்காரர்களுக்குப் போனதா?

பணம் பள்ளியின் விளையாட்டு நிதிக்குப் போனது. வார்னருக்குப் பள்ளி வளாகத்தில் கட்டிக் கொடுத்த வீடு உட்படப் பல செலவுகள் அந்த நிதியிலிருந்து நடந்தன. ஆட்டக்காரர்களில் சிலருக்கும் அவ்வப்போது பணம் கொடுக்கப்பட்டது. ஆனால் எவ்வளவு, யாருக்கு என்பதைத் தீர்மானித்தவர்கள் ஆடியவர்கள் அல்லர்.

இது வெளிச்சத்துக்கு வந்ததற்கு ஒரு காரணம் கஸ் வெல்ச். பள்ளி நிர்வாகத்தை விசாரிக்கக் கோரி மாணவர்களிடம் கையெழுத்து வாங்கி மனு அனுப்பியவர்களில் அவர் முதன்மையானவர். 1914இல் அமெரிக்க நாடாளுமன்றத்தின் கூட்டுக்குழு கார்லைலுக்கே வந்து விசாரித்தது. கண்காணிப்பாளர் மோசஸ் ஃபிரீட்மன் பதவி இழந்தார். வார்னர் அந்த ஆண்டுப் பருவத்தோடு விலகிப் பிட்ஸ்பர்க்குக்குப் போனார். வெஸ்ட் பாயிண்டில் ஆட்டத்தை வழிநடத்திய அதே வெல்ச், தன் பயிற்சியாளரின் ஒழுக்கத்தைப் பற்றி அக்குழுவின் முன் எதிர்ச்சாட்சி சொன்னார்.

தோர்ப்பின் பதக்கங்களைப் பறித்தது கால்பந்து ஆடியதற்காகவா?

இல்லை, பேஸ்பாலுக்காக. 1909, 1910 கோடைகளில் அவர் வட கரோலினாவில் சிறு சம்பளத்துக்குப் பேஸ்பால் ஆடியிருந்தார். 1913 ஜனவரியில் ஒரு நாளிதழ் இதை வெளியிட்டதும், பணம் வாங்கி ஆடியவர் ஒலிம்பிக்குக்குத் தகுதியற்றவர் என்று கூறி அவருடைய பதக்கங்கள் பறிக்கப்பட்டன. போட்டி முடிந்து 30 நாள்களுக்குள் ஆட்சேபம் எழுப்ப வேண்டும் என்ற விதி ஸ்டாக்ஹோம் போட்டிகளில் இருந்தும் அதை யாரும் பொருட்படுத்தவில்லை. ஒலிம்பிக் குழு 1982இல் தன் முடிவை மாற்றி அவரை இணை வெற்றியாளராக ஏற்றது. 2022இல்தான் தனி வெற்றியாளர் என்று அறிவித்தது. அவர் 1953இலேயே இறந்துவிட்டார்.

மேலே சொன்ன பணக் கணக்கோடு இதை வைத்துப் பார்க்க வேண்டும். அந்த இளைஞரின் கால்களை நம்பிப் பெருங்கூட்டம் நுழைவுச்சீட்டு வாங்கியபோது அதைக் குற்றம் என்று யாரும் சொல்லவில்லை.

அந்தப் பள்ளியே கொடுமையானது என்கிறார்கள். அப்படியானால் இந்த வெற்றிகளைக் கொண்டாடுவது சரியா?

பள்ளியைப் பற்றிய அந்தக் கூற்று சரிதான். பூர்வகுடியின் அடையாளத்தை அழித்து மனிதனைக் காப்பாற்றுவது என்பதை பிராட் வெளிப்படையாகவே தன் கொள்கையாகச் சொன்னார். வந்து சேர்ந்த பிள்ளைகளின் முடி வெட்டப்பட்டது, உடை மாற்றப்பட்டது, பெயர் மாற்றப்பட்டது, தாய்மொழி பேசினால் தண்டனை கிடைத்தது. வீட்டிலிருந்து நெடுந்தொலைவில், நோயில் இறந்த பிள்ளைகள் அங்கேயே புதைக்கப்பட்டார்கள். கால்பந்து அணியும், ‘எங்கள் கல்வி பலன் தருகிறது’ என்று காட்டப் பயன்படுத்தப்பட்ட விளம்பரம்தான்.

ஆனால் விளம்பரத்துக்காக அனுப்பப்பட்டவர்கள் களத்தில் செய்தது அவர்களுடையது. தாய்மொழி ஒன்றாக இல்லாத பல இனத்து இளைஞர்கள், தம்மைவிடக் கனமான, பணமுள்ள, சொந்த ஊர்க் கூட்டம் சூழ நின்ற அணிகளை வாரந்தோறும் அறிவாலும் வேகத்தாலும் வென்றார்கள். பள்ளியைப் பாராட்டாமலே அவர்களைப் பாராட்ட முடியும். அப்படித்தான் பாராட்ட வேண்டும். பூர்வகுடிகள் அனைவரையும் அமெரிக்கக் குடிமக்களாக ஏற்கும் சட்டம் 1924இல்தான் வந்தது என்பதையும் சேர்த்து நினைத்துக்கொள்ளுங்கள்.

இப்போது அங்கே போனால் என்ன பார்க்கலாம்?

பள்ளி 1918இல் மூடப்பட்டது. இடம் இராணுவத்திடமே திரும்பியது. இன்று அங்கே இயங்குவது அமெரிக்க இராணுவத்தின் போர்க்கல்லூரி. 2024 டிசம்பரில் பழைய பள்ளியின் ஒரு பகுதி தேசிய நினைவிடமாக அறிவிக்கப்பட்டது. தோர்ப்பும் தோழர்களும் பயிற்சி செய்த மைதானம் இருக்கிறது. வளாகத்தில் இறந்த பிள்ளைகளின் வெள்ளைக் கல்லறைக் கற்களும் வரிசையாக நிற்கின்றன. அவற்றில் சிலவற்றின் அடியில் இருந்தவர்களை, 2017 முதல், அவர்களுடைய மக்கள் வந்து பெற்றுக்கொண்டு சொந்த மண்ணுக்குக் கொண்டுபோய்க்கொண்டிருக்கிறார்கள்.